பதினேழாவது பெயர்

கொழும்பிலிருந்து தகரப்பெட்டி வரும்,
திங்கட்கிழமை மெயிலில் திருப்பி ஏற்றவேண்டும் என்ற
கண்டிப்புக் கடிதத்தோடு.
மூடியைத் திறந்தால் காடி மணம்.

கந்தர்மடத்து ரியூட்டரியில்
கரும்பலகையை மறைத்து ஒரு வெள்ளைத் துணி.
வாங்குகளில் நாற்பது பேர். மழையென்றால் பதினெட்டு.
ஒஸ்த்ராவாவில் ஐந்து வருடம் படித்துவிட்டு
காங்கேசன்துறைச் சீமெந்துத் தொழிற்சாலைக்கு வந்த என் மனிசன்
ஆண்களின் வசனத்தை மைக்கில் தமிழாக்கிச் சொல்லுவார்.
பெண்களெல்லாம் நான்.
சீமெந்துப் பைத் தாளில் அவர் எழுதித் தந்ததை வாசிப்பேன்.
செக் மொழியில் எனக்கு ஒரு சொல்லும் தெரியாது.

கதாநாயகிகளை மறந்துவிட்டேன்.
ட்ராஹோமீரா சிமாச்கோவாவை மறக்கவில்லை.
பெயர்ப்பட்டியலில் பதினேழாவது ஆள்.
"அதென்ன எல்லாருக்கும் ஒரு ஓவா?"
"இன்னாருடையவள் எண்டு அர்த்தம்."
எங்கள் நோட்டீசில் என் பெயர்
திருமதி பேரம்பலம்.

முதற்படத்தில் தபாற்கந்தோரில் முத்திரை விற்றாள்.
ஒரே வசனம்: "சில்லறை இல்லையோ?"
சனம் சிரித்தது.
அடுத்த கிழமை மானிப்பாய் பஸ்ஸில்
மூன்றாம் வாங்கில் இருந்து படம் பார்த்த கொண்டக்டர்
அதே இழுவையில் என்னிடம் கேட்டான்.

இரண்டாவதில் தாதி. கொஞ்சம் உடம்பு வைத்திருந்தாள்.
நாலு வசனம். ஒன்று பொய்:
"இரவு நல்லா நித்திரை கொண்டவர், வேதனைப்படேல்லை."
சொல்லும்போது இடது கை கழுத்துப்பட்டியைத் தொட்டது.
என் கையும் போனது.
அங்கே கொடி.

மூன்றாவது, எண்பதாம் ஆண்டு மார்கழி.
டிராமின் கடைசி இருக்கை. முன்மயிர் நரைத்திருந்தது.
கமரா அவளிடம் வந்தது,
வந்தது போகவில்லை.
தாளைத் திருப்பினேன். வெறுந்தாள்.
வசனமில்லை என்று அவர் கையை விரித்தார்.
சுருள் சுற்றும் சத்தம்,
வெளியே யாரோ சைக்கிளை மதிலில் சாத்தும் சத்தம்.
எத்தனை வருடம் ஓரத்தில் நின்றவளுக்கு
இவ்வளவு வெளிச்சம்!
சும்மா விட எனக்கு மனமில்லை.
மைக்கைக் கிட்ட இழுத்தேன்:

"இதிலைதான் நான் இறங்கவேணும்.
இறங்கமாட்டன்."

டிராம் நின்றது.
அவள் இறங்கவில்லை.
பின்வாங்கில் யாரோ மூச்சை விட்டார்கள்.

வீட்டுக்குச் சைக்கிள் உழக்கியபடி
அரசடிச் சந்திவரை பேசாமல் வந்தவர் சொன்னார்:
"அவ ஒண்டும் சொல்லேல்லையே."
"சொன்னவ," என்றேன் பின்னுக்கு இருந்து.

பிறகு பெட்டி வரவில்லை.
நாலாவது படம் அவளுக்கு இருந்ததோ,
அதில் யார் அவளைப் பேசினார்களோ.

இப்போதுதான் யோசிக்கிறேன்.
நாங்கள் பேசுவதற்காக
தொடக்கத்திலேயே படத்தின் சத்தத்தைக் குறைத்துவிடுவோம்.
மூன்று படம் அவளாக இருந்தவள் நான்.
அவள் குரலைக் கேட்டதில்லை.
அந்த டிராமில் அவள்
மெல்ல ஏதும் முணுமுணுத்திருந்தாலும்