நான் சாப்பிட்டோம்

நவம்பரில் லெ பலே துறைமுகத்தில்
ஹோட்டலைப் பூட்டிவிடுவார்கள்.
மிச்சம் நான், நாற்பது சோடி விரிப்பு,
இரண்டு சலவை மெஷின்,
ஏழாம் அறையில் ஒரு கனடாக்காரன்.

எவாரிஸ்த் கோமோ.
அவன் பிரெஞ்சு படகுக்காரர்களுக்கே பிடிபடுவதில்லை.
'நான் வந்தோம்' என்கிறான்,
'நான் களைத்தோம்' என்கிறான்.
ஒற்றை ஆளுக்குப் பன்மையில் வினை முடிக்கிற ஊராம் அவனது,
அத்திலாந்திக்குக்கு அந்தப் பக்கம், ஒரு குடாவின் ஓரம்.
முந்நூறு வருசத்துக்குள் அவன் ஆட்களை
வீட்டுக்கு நெருப்பு வைத்துக் கப்பலேற்றினார்கள்.
அதில் ஒரு குடும்பம் இந்தத் தீவில் இறங்கியதாம்.
பாங்கோர் பக்கம் போய் அதே பெயரில்
பதினொரு பேரைத் தேடிப் பிடித்துவிட்டான்.
ஞாயிறு மத்தியானம் விருந்து.

சனிக்கிழமை சலவைக்கட்டு வாசலில்
பன்னிரண்டு கிலோ கிழங்குச் சாக்கோடு நின்று
அவன் கேட்ட முதல் கேள்வி:
'உங்கள் மெஷின் நிமிடத்துக்கு எத்தனை சுற்று?'

துருவுபலகை ஒன்றே ஒன்று.
மாறி மாறித் துருவினோம்.
துருவல் காற்றுப் பட்டுச் சிவந்தது, பிறகு கறுக்கப் பார்த்தது,
கடன்காரன்போல அவசரப்படுத்தியது.
என் நடுவிரல் மொளியில் கொஞ்சம் அதற்குள் போயிருக்கும்.
வாய் திறக்கவில்லை.

நான் வெளுத்து மடித்த தலையணை உறைகளில்
அதை அடைத்து, வாயை இறுக்கிக் கட்டி,
மெஷினுக்குள் போட்டோம்.
சுழற்சி மட்டும். ஆயிரத்து இருநூறு.
கழிவுக் குழாயை வாளிக்குள் விட்டான்.
'எவ்வளவு தண்ணீர் போகிறதோ
அவ்வளவு கோழிச்சாறு கொதிக்கக் கொதிக்கத் திரும்ப வேண்டும்.
சமையல் என்பது அவ்வளவுதான்.
பார்த்துக்கொள்ளுங்கள்.'
சாற்றுப் பானையைக் கிண்ட மேலே போனான்.

ஒன்பது வருசக் கை.
வாளியில் தண்ணீர் கண்டால் கொட்டும்.
கொட்டிவிட்டது.

திரும்பி வந்தவன் கத்தவில்லை.
கால்வாய் மூடியின் ஓட்டைகளை
ஒவ்வொன்றாய்ப் பார்த்துக்கொண்டிருந்தான்.
'எவ்வளவு இருந்தது?'
'தெரியாது.'
'பாதி வாளி? முக்கால்?'
'தெரியாது.'

உறைக்குள் கிழங்கு
மரத்தூள்போல உதிர்ந்து கிடந்தது.
நான் கை கழுவினேன்.
'நீங்கள் ஊற்றுங்கள். நிறுத்தச் சொல்லும்வரை ஊற்றுங்கள்.'
இடியப்பத்துக்கு மாவு குழைக்கிறபோது
எந்தச் சுண்டில் அளந்தேன்?
அகப்பைக் காம்பு சொல்லும்.
முதலில் அது வழுக்கியது, பிறகு முரண்டியது.
வெள்ளை மெல்லக் கண்ணாடியாகி
களிபோல ஒருமுறை பெருமூச்சு விட்டது.
'போதும்.'
ஊற்றியதை அவன் எண்ணிக்கொண்டிருந்தானாம்.
இடையில் எண்ணிக்கை தவறிவிட்டதாம்.

கீழே ஒரு படை, நடுவில் பிய்த்த கோழி,
மேலே ஒரு படை, அதன்மேல் உப்பிட்ட பன்றிக் கொழுப்பு.
அடுப்புக்குள் மூன்று மணிநேரம்.
வாளியின் அடியில்
இரண்டு விரல் கனத்துக்கு மாவு ஒட்டிக் கிடந்தது.
அதாவது மிஞ்சியிருந்தது.
கரைத்துக் காய்ச்சி
அவனுடைய ஞாயிறு சட்டைக்குக் கஞ்சி போட்டேன்.
விருந்து முழுக்க அவன் கழுத்தைத் திருப்ப முடியாமல்
உடம்போடு திரும்பி உறவினரைப் பார்த்தான்.

பதினொரு கோமோவில் ஒருத்தி கடுகு கேட்டாள்.
ஒரு பையன் துப்பினான்.
வயதான கோமோ 'சுவரொட்டிப் பசை' என்று சொல்லி
மூன்றாம் தடவையும் தட்டை நீட்டினார்.
எவாரிஸ்த் கருப்பஞ்சாற்றுப் பாகு ஊற்றிக்கொண்டான்.
நான் மிளகு இடித்துத் தூவினேன்.
மொறுமொறுத்த ஓரத்துண்டுக்கு மட்டும்
எல்லோரும் சண்டை பிடித்தார்கள்.
அப்போதுதான் அவர்கள் ஒரே குடும்பம்போலத் தெரிந்தது.

திங்கள் காலைப் படகில் அவன் போனான்.
புதன்கிழமை விரித்த விரிப்பொன்றில்
மெல்லிய விறைப்பு.
கிழங்கு மணம் போக
மெஷினை மூன்றுமுறை வெறுமனே ஓட்டினேன்.

அன்றிரவு பாசலிலிருந்து தங்கச்சி.
வழமையான கேள்விதான்.
'நான் சாப்பிட்டோம்' என்றேன்.
ஒரு கணம் சத்தமில்லை.
பிறகு குரலைத் தாழ்த்தி,
'ஆரோட?' என்றாள்.