தாளின் மறுபுறம்

கிதீனியா துறைமுகத்தில்
நாற்பத்திரண்டு மீட்டர் உயரத்தில் என் நாற்காலி.
சுற்றிலும் கண்ணாடி, காலடியிலும் கண்ணாடி.
டிசம்பரிலிருந்து நான் தரையில்.

"தினமும் பத்து வரி எழுதுங்கள், கையால்"
என்றார் மருத்துவர் வ்ரோன்ஸ்கா.
போனில் தட்டினால் ஆகாதா என்றேன்.
"நடுங்குவது உங்கள் கைதானே?"

பள்ளிப் பிள்ளைகளுக்கான நோட்டு,
பச்சை அட்டை, கட்டம் போட்ட தாள்.
முதல் வாரம் காற்றை மட்டும் எழுதினேன்.
செவ்வாய்: பதினொன்று.
புதன்: பதினான்கு, வடமேற்கு.
வியாழன்: இருபத்திரண்டு, கிரேன்கள் நிறுத்தம்.
அதற்கு மேல் பேனா நகரவில்லை.
பத்து வரிக்குக் கணக்குக் காட்ட
தேதியைப் பெரிதாக எழுதினேன்.

இரவு மூன்று மணி.
உள்ளே தெக்லாவின் மூச்சு,
அடுப்படியில் ஃபிரிட்ஜின் முனகல்.
ஒரேயொரு முறை அறுந்த சங்கிலி
அந்த நேரத்துக்குத் தவறாமல்
என் தலைக்குள் வந்து அறுந்துகொண்டே இருக்கும்.

எழுதினேன்: சங்கிலி அறுந்தது.
முற்றுப்புள்ளி வைத்தேன்.
வைத்துவிட்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.
தலைக்குள் அதற்கு
அப்படி ஒரு புள்ளி இருந்ததே இல்லை.

கீழே நின்றது யார் என்பது அடுத்த வரி.
அதற்குப் பதினேழு நாள் பிடித்தது.

ஜெமோவித்.

அன்று பேனா தாளைக் கிழிக்கப் பார்த்தது.
பக்கத்தைத் திருப்பித் தடவினால்
வெல்டிங் தழும்புபோல் விரலில் தட்டியது பெயர்.

பிறகு கொட்டித் தீர்த்தேன்.
மீனவன் மகன், மீன் தொடமாட்டான்.
விசில் அடிக்க வராது, இருந்தும் விடமாட்டான்.
நான் அவனுக்கு நாற்பது ஸ்லோட்டி தரவேண்டும்.
விசாரணைக் குழுவின் எண்பத்தாறு பக்க அறிக்கையில்
இதில் ஒன்றுகூட இல்லை.

சரியாகிவிட்டதா என்கிறாள் தெக்லா.
எங்கே.
நேற்றும் மூன்று மணிக்கு விழித்தேன்.
ஆனால் விழித்தவனுக்கு
மேசைமேல் ஒரு வேலை காத்திருந்தது.
முடித்துவிட்டுத் தூங்கினேன், ஆறரை வரை.

இன்று பழைய பக்கங்களைப்
படிக்காமல், பின்பக்கமாகத் தடவிக்கொண்டு வந்தேன்.
ஜனவரி வெறும் வழவழப்பு,
காற்றுக்கு அழுத்தம் தேவைப்படவில்லை.
பிப்ரவரி முழுக்க மேடு பள்ளம்.
மார்ச்சில் கொஞ்சம். ஏப்ரலில் தேடவேண்டியிருந்தது.
மே இரண்டாம் தேதி மறுபடி மேடு:
அவன் பிறந்தநாள்.

திங்கட்கிழமை மேலே ஏறச் சொல்லியிருக்கிறார்கள்.
கை இன்னும் நடுங்குகிறதா என்று
ஒரு கோடு போட்டுப் பார்த்தேன்.
லேசாக வளைகிறது.

காற்று: ஒன்பது, தென்மேற்கு.
நாற்பது ஸ்லோட்டியை அவன் தங்கையிடம் கொடுத்தேன்.
எதற்கு என்று கேட்டாள்.
அதை நாளைக்கு எழுதவேண்டும்.