கலேந்தா வாரம்

திங்கட்கிழமை அவருக்கு எழுபத்தொன்று.
செவ்வாய் இருபத்துநாலு.
படங்கள் வந்துசேர்ந்த வரிசையில்
வயது மாற்றிக்கொண்டார் போர்ஷிவோய் கலேந்தா.

லோதி சாலையில் நூற்றிருபது இருக்கை அரங்கு.
பின்சுவரை ஒட்டிய மேசை என்னுடையது.
ஒரு மடிக்கணினி, ஒரு பொத்தான்.
அவர் வாய் திறக்கையில் நான் அழுத்த வேண்டும்,
ஆங்கிலம் திரைக்கடியில் விழும்.
அரை நொடி முந்தினால் ரகசியம் உடையும்,
பிந்தினால் சிரிப்பு ஆறிப்போகும்.
எனக்குச் செக் தெரியாது.
அவர் மூச்சு தெரியும்.
பேசுமுன் இடது தோள் ஒரு நெல்லளவு ஏறும்.
இருபத்துநாலிலும் ஏறியது, எழுபத்தொன்றிலும்.

"காலண்டர் சாஹிப் இன்று எத்தனை மணிக்குச் சாவார்?"
என்பார் ஆபரேட்டர் ராம்பால்,
டீக்குப் போகிற நேரம் பார்க்க.
செவ்வாய் நாற்பதாம் நிமிடம், காட்டில், சிப்பாயாக.
வியாழன் தண்டவாளத்தில், கையில் பச்சைக் கொடியோடு.
புதன் சாகவே இல்லை. பேக்கரிக்காரர், மூன்று மகள்கள்,
மாவு படிந்த புருவத்தோடு
கடைசிவரை கடன் கேட்டுக்கொண்டிருந்தார்.
அன்றுதான் ஒரு சொல் கற்றேன்.
மூத்தவளின் காதலன் பெண் கேட்டு நிற்க
"நோ" என்றார் தகப்பன்.
அழுத்தினேன்: சரி, ஆகட்டும்.
அவர்கள் ஊரில் நோ என்றால் ஆமாம்,
சோம்பலான ஆமாம்.

கையேட்டில் அவர் வாழ்க்கை பதினாறு வரி.
தோல் பதனிடுபவரின் மகன்.
நாடகப் பள்ளியில் முதல் வருடம் தோல்வி, உச்சரிப்புக்காக.
இரண்டு திருமணம், ஒரே மாமியார்.
அறுபத்தெட்டு ஆகஸ்டில் டாங்கிகள் வந்தபோது
பாதியில் நின்ற படம் ஒன்று.
அடுத்து, சில காலம் திரையில் தோன்றவில்லை.
ஏழு வருடத்துக்கு நான்கு சொல்.
குரல் மட்டும் கொடுத்தாராம் அப்போது,
மாஸ்கோவிலிருந்து வந்த நாயகர்களுக்கு,
ஒரு பொம்மைக் கரடிக்கு.
இருட்டில் உட்கார்ந்து
அடுத்தவர் உதடு அசையக் காத்திருக்கும் வேலை.
சம்பளம் எவ்வளவோ.

சனிக்கிழமை ஐம்பத்தெட்டு. பூகோள வாத்தியார்.
எதிரில் ஓர் அதிகாரி, நடுவே ஒரு காகிதம்:
அண்டைவீட்டாரைப் பற்றி
மாதம் ஒருமுறை எழுதித் தருவதாக.
அறுநூற்று நாற்பதாவது வரியோடு
என் கோப்பு முடிந்துவிட்டது.
கடைசி ரீலுக்கு மொழிபெயர்ப்பு அனுப்ப
பிராகில் யாரோ மறந்திருக்கிறார்கள்.
அரங்கில் ஒன்பது பேர். சுவர்க்கடிகாரம் எட்டரை.
அதிகாரி பேனாவைத் தள்ளினான்.
தோள் ஏறியது.
"நோ."
பிறகு தாழ்ந்து, "நோ, நோ."

கதகதப்புக்காக வாரம் முழுக்க வந்த
ஓய்வுபெற்ற பட்நாகர்
சால்வைக்குள்ளிருந்து கையெடுத்துத் தட்டினார்.
இன்னும் இரண்டு பேர் சேர்ந்துகொண்டார்கள்.
பேனா காகிதத்தைத் தொடுமுன்
காட்சி ஜன்னலுக்குத் தாவியது; வெளியே பனி.
ஆங்கிலத்தில் மூன்றே எழுத்து.
அடித்து அனுப்பியிருக்கலாம் நான்.
கைதட்டல் ஓயட்டும் என்றிருந்தேன்.
ஓய்ந்தது, நேரமும் போனது.

வாசலில் புகைமூட்டம்.
தூதரகத்துப் பெண்மணி கோட்டுக்குப் பொத்தானிட்டுக்கொண்டிருந்தார்.
அந்த ஏழு வருடத்துக்கு முன்னாலோ பின்னாலோ
கலேந்தாவிடமும் காகிதம் நீட்டியிருப்பார்களே,
கையெழுத்துப் போட்டாரா என்றேன்.
தோளைக் குலுக்கி "நோ" என்றார்.
எந்த மொழியில் என்று கேட்பதற்குள்
கார் வந்துவிட்டது.

ஞாயிறு முப்பத்தைந்து.
பாதியில் நின்ற அந்தப் படம், மிஞ்சியது இருபது நிமிடம்.
ஒலி சேர்க்கப்படவில்லை.
எனக்கு வேலையில்லை, வீட்டுக்குப் போகலாம் என்றார்கள்.
உட்கார்ந்திருந்தேன்.
ஒரு கிணற்றடி. சைக்கிளைச் சாய்த்துவிட்டு
கேமராவுக்கு அப்பால் யாரையோ பார்க்கிறார்.
அழகர்தான். ஆறு நாளாகக் கவனிக்கவில்லை.
தோள் ஏறியது.
விரல் தானாக அழுத்தியது.
திரைக்கடியில் ஒன்றும் விழவில்லை.