துலைமுள் ஏடு

பறிமுதல் பதிவேட்டின் பின்பக்கங்களில்
அந்த நூலை எழுதிவருகிறேன்.
முன்பக்கங்களில் கந்தோர் வேலை:
புறக்கோட்டை, நான்காம் குறுக்குத் தெரு,
ஒரு கிலோ படிக்கல், நாற்பது கிராம் குறைவு, பறிமுதல்.
கவிழ்த்துப் பிடித்தால் துலைமுள் ஏடு.
நெடுவலம் என்ற உலகில்
நாலாயிரம் ஆண்டுகளுக்கு முன்
பெயரில்லாத யாரோ கீறி வைத்தது.

நெடுவலத்துக்கு இரண்டு நிலவுகள்.
ஒன்று எழும்ப மற்றது இறங்கும்.
கடலும் மலையும் ஒரே கோலின் தட்டுகள்.
இங்கே ஒரு மீன் செத்தால்
அங்கே ஒரு பாறை பிளந்து
கணக்கு நேராகும்.
கோலை யார் பிடித்திருக்கிறார் என்று சொல்லும் ஏட்டைச்
செல் அரித்துவிட்டது.
எழுதுவது நான்தான்.
ஆனாலும் அந்த ஏடு
எனக்கும் கிடைக்கவில்லை.

பகலில் ஜீப்.
பின்சீட்டில் சிவப்பு வெல்வெட் பெட்டி,
அதற்குள் உயரவாரியாக மூலப் படிக்கற்கள்.
இடுக்கியால்தான் தூக்க வேண்டும்.
விரல் எண்ணெய் பட்டால்
ஒரு கிலோ பிறகு ஒரு கிலோவாக இராது.
சாரதி பியதாசவுக்கு இது பெரிய பகிடி.
"தொட்டா பாரம் கூடும் எண்டா மிஸ்,
என்ர மகள் இப்ப யானையா இருக்க வேணும்."
அன்றிரவு கொட்டாஞ்சேனை அறையில்,
மின்விசிறி தாளைப் புரட்டப் புரட்ட,
இரண்டாம் ஏட்டில் எழுதினேன்:
தொட்ட பொருள் பழநிறைக்கு மீளாது.

மூன்றாம் ஏடு பாத்திரம் பற்றியது.
நெடுவலத்தில் ஒருவர் செத்தால்
பாயோடு தூக்கி நிறுப்பார்கள்.
பிறகு பாயை மட்டும்.
கழித்து வருவதுதான்
இனி அவருடைய பெயர்.
சிலருக்கு அது மிகச் சிறிய எண்.
சிலருடைய பாய்
தனியே நிறுக்கும்போதுதான் கூடக் காட்டும்.

நாலாம் ஏட்டில் இரண்டு நிலவையும்
ஒரே உயரத்தில் நிறுத்தப் பார்த்தேன்.
ஒரு மாதமாக ஓடவில்லை.

போன வெள்ளி, ஐந்து லாம்புச் சந்தி.
மழை விட்ட நடைபாதையில் குசுமாவதி,
வல்லாரைக் கட்டு, கறிமிளகாய், ஒரு கூடை போஞ்சி.
அவளுடைய ஐந்நூறு கிராம் கல்
ஐந்நூற்றுப் பத்தொன்பது காட்டியது.
தட்டைத் துடைத்து இன்னொரு தரம் வைத்தேன்.
பத்தொன்பது.
கவிழ்த்தால் அடியில்
இரண்டு பழைய ஐந்து ரூபாய்க் குற்றி,
பசையில் கறுத்து.
பன்னிரண்டு வருட உத்தியோகத்தில்
தனக்கே களவெடுத்தவளை
இப்போதுதான் பார்க்கிறேன்.

"அம்மா குறைச்சுத்தான் நிறுப்பா," என்றாள் சிங்களத்தில்.
"எங்களை வளர்க்க.
அவ போன கிழமை ஒட்டினது."
எத்தனை வருடம்?
"பதினொன்று. இன்னும் முடியேல்ல."

கூடினாலும் பிழை பிழைதான், சட்டப்படி.
படிவத்தில் அதற்கும் ஒரு நிரல் உண்டு,
யாரும் நிரப்பாத வெள்ளை நிரல்.
பியதாச வானத்தைப் பார்த்தான்.
நான் குற்றிகளைக் கத்தியால் சுரண்டி எடுத்து
அவள் கையில் வைத்தேன்.
கல்லைத் திரும்ப நிறுத்தேன். சரி.
முத்திரை குத்தினேன்.

சேட்டுப்பையோடு நின்ற ஒரு நாட்டாமை
அரைக்கிலோ போஞ்சி கேட்டார்.
புது முத்திரைக் கல்லை வைத்தாள்.
முள் நடுவில் நின்றது.
என்னைப் பார்த்தாள்.
முள்ளைப் பார்த்தாள்.
பிறகு கூடைக்குள் கைவிட்டு
ஒரு பிடி அள்ளிப்
பையில் போட்டாள்.

அதற்குப் படிவத்தில் நிரல் இல்லை.

இரவு நாலாம் ஏட்டைக் கிழித்தேன்.
நெடுவலத்தில் இப்போது ஒரு நிலவு
மற்றதைவிட ஒரு பிடி தாழ்ந்து போகிறது,
அதனால்தான் அங்கே அலை அடிக்கிறது.

முன்பக்கமும் பின்பக்கமும்
ஒன்றையொன்று நெருங்கிவிட்டன.
நடுவில் இரண்டு வெற்றுத் தாள்தான் மிச்சம்.
திங்கட்கிழமை புதுப் பதிவேடு கேட்க வேண்டும்.
அதற்கிடையில்
குசுமாவதியை
எந்தப் பக்கத்திலிருந்து எழுதுவது என்று
பேனையைத் திறந்து வைத்திருக்கிறேன்.