மஞ்சு

காலை எட்டரைக்கு
பள்ளிக்கூடம் இருக்கிற இடத்தில்
பள்ளிக்கூடம் இல்லை.
கொடிக்கம்பத்தைக் கையால் தடவி
அங்கிருந்து பதினொரு எட்டு வைத்தால்
பூட்டு.

பெட்டமுகிலாளத்தில் வாடகை அறை.
அங்கிருந்து மூன்று கிலோமீட்டர்,
யானை லத்தியில் ஆவி பறக்கிறதா என்று
பார்த்துப் பார்த்து நடை.

சாக்பீஸ் நமுத்துப்போய்
பலகையில் வழுக்குகிறது.
அடுப்போரம் காயவைக்கச் சொல்லி
ருத்ரம்மாவிடம் கொடுத்தேன்.
ஒருநாள் உப்புமாவில் ஒன்று கிடந்தது.
யாரும் புகார் சொல்லவில்லை.

வருகைப்பதிவை ஒன்பதரைக்குள்
செயலியில் ஏற்றியாக வேண்டும்.
சிக்னல் இருப்பது பாறைமேல்.
போனைத் தலைக்குமேல் தூக்கிப் பிடித்து
பதினேழு பேரும் வந்ததாக அனுப்புகிறேன்.
கீழே பார்த்தால் ஒருவரும் தெரியவில்லை,
இருமல்தான் கேட்கிறது.
இருமலை வைத்தே ஆளைச் சொல்வேன்:
இது சிவமாதி,
இது கெம்பன்.

கெம்பன் வந்ததும் தூங்கிவிடுவான்.
ராகிக் கொல்லையில் இராக்காவல்.
பரண்மேல் தகரம் தட்டிய கை
பென்சிலையும் அப்படியே பிடிக்கிறது.
நான் எழுப்புவதில்லை.
பத்து மணி வெயில் சன்னல் வழியே வந்து
காதைத் தொட்டால் எழுவான்.
பிறகு எல்லோருமே
அந்த வெயிலுக்குள் நகர்ந்து உட்காருவோம்,
அது நகர நகர.
கணக்கு மேற்குச் சுவரோரம்.
தமிழுக்கு வரும்போது
வாசலுக்கு வெளியே இருப்போம்.

அரையாண்டுத் தேர்வில் கோடிட்ட இடம்:
மார்கழியில் மலையை மூடுவது எது?
பனி என்றார்கள் மற்றவர்கள்.
மஞ்சு என்றான் கெம்பன்.
கன்னடம் என்று
சிவப்பு மையால் சுழித்தேன்.

இரவு, போர்வைக்குள் டார்ச் அடித்து
வேறெதற்கோ அகராதி புரட்டினேன்.
மஞ்சு: மேகம், மூடுபனி.
செய்யுளில் மனப்பாடம் செய்து
மதிப்பெண் வாங்கிய சொல்தான்.
காரிமங்கலத்தில் முப்பது வருடம்
தமிழ் பேசியும்
ஒருமுறைகூட என் வாயில் வந்ததில்லை.

சுழித்ததை அடித்துவிட்டேன்.
ஆனால் செயலியில் ஏறிவிட்டதே.
ஒரு மதிப்பெண்ணுக்காக
மறுபடி பாறை ஏறினேன்.
சுற்றிக்கொண்டே இருக்கிறது சிறு வட்டம்.
என் கையே எனக்குத் தெரியவில்லை.

"எல்லித்தீரா மிஸ்?"
கீழிருந்து கெம்பன்.
மஞ்சுக்குள்ளே என்று சொல்ல
வாயெடுத்தேன்,
இருமல்தான் வந்தது.
"பாறெ மேல இதாரெ"
என்று யாரிடமோ சொல்கிறான்.