சாகாமத்து நீர்மட்டம்

மார்ச் முப்பத்தொன்று, பின்னேரம் மூன்றரை.
ஓய்வூதியக்காரர் எல்லாரும் வந்து
உயிரோடிருப்பதைக் காட்டிவிட்டுப் போயாயிற்று.
ஒருவர் பல்செட் தெரியச் சிரித்துக் காட்டினார்.
ஒருவரை ஓட்டோவுக்குள் எட்டிப்பார்த்தே கையெழுத்திட்டேன்.
பூபாலபிள்ளையின் படிவம் மட்டும் வெறுமையாய்.

தம்பிலுவிலில் என் பிரிவுக்குள்
யார் இருக்கிறார், யார் இல்லை என்று
அரசாங்கத்துக்குச் சொல்லும் பேனை என்னிடம்தான்.
ஸ்கூட்டியை எடுத்தேன்.

நேசம்மா படலையிலேயே நின்றார்.
"தண்ணிய நான் கரண்டியால பருக்குறன் புள்ள.
சோறு வேணாமாம். செத்தவனுக்கெண்டா வெளியில வையெண்டார்.
வச்சன். காகம் திண்டிச்சு.
'பாத்தியா, எனக்கு வந்து சேர்ந்திட்டு' எண்டுறார்."

உள்ளே பாயில், தெற்கே தலை.
கால் பெருவிரல் இரண்டையும் சேர்த்துக்
கிழிந்த சாரத் துண்டால் தானே கட்டியிருந்தார்.
கக்கூசுக்குப் போக அவிழ்த்து,
வந்து திரும்பக் கட்டுகிறாராம்.

"வா புள்ள. மணக்குதா?"
"என்ன ஐயா?"
"நான்."
முகர்ந்தேன். வேப்பெண்ணெய். அடுத்த வளவில் காயும் கருவாடு.
"ஆவணியில போன நான். முதல்ல குடல்.
பிறகு ரத்தம், துருசு திறந்தாப்போல ஒரே ராவில இறங்கிற்று.
இவங்களுக்குத்தான் எடுக்க மனமில்ல."

படிவத்தை நீட்டினேன். கண்ணாடி போட்டு வாசித்தார்.
*மேற்குறித்தவர் இன்றைய தேதியில் உயிருடன் உள்ளார்.*

"முப்பத்திரண்டு வருஷம் சாகாமக் குளத்தில அளவுகோல் பார்த்த நான்.
வெள்ளத்தில, ரவுண்டப்பில,
கடல் வந்த அடுத்த நாள் விடியவும்.
ஒரு அங்குலம் பொய் எழுதினதில்ல.
இதில எழுதச் சொல்றியா?
ஏழு மாசக் காசு சும்மா எடுத்திருக்கு, அதையும் கட்டோணும்.
மரணப் படிவம் கொண்டுவா. அதில போடுறன்."

மரணப் படிவம்.
இதே பையில் ஒன்று கிடக்கிறது.
தொண்ணூறில் கூட்டிப்போன ஒரு மகனுக்கானது,
எனக்கு முன் மூன்று பேர் கைமாறி வந்தது.
"செத்ததை நீ கண்டியா?" என்று தெய்வநாயகி
ஒவ்வொரு முறையும் திருப்பித் தந்து, மடிப்பில் கிழிந்துவிட்டது.
அவர் வீடு இதே ஒழுங்கையில் நான்காவது.
இரவில் ஒரு பீங்கான் சோறு மூடியிருக்கும்.

அவர் முழங்கையில் ஒரு நுளம்பு.
யோசிக்காமல் அடித்துவிட்டேன்.
சிவப்பாய் ஒரு பொட்டு.
"இந்தா! இந்தா பாருங்க ரத்தம்!" நேசம்மா கத்தினார்.
அவர் கையைத் திருப்பி, வெளிச்சத்தில் பிடித்து,
குளத்து அளவு பார்க்கிற நிதானத்தோடு பார்த்தார்.
"இது நேசத்தின்ர ரத்தம்.
அவள்ள குடிச்சிட்டு இஞ்ச வந்து இருந்திருக்கு."
எங்கள் இருவரிடமும் பதில் இல்லை.

முற்றத்தில் நின்று டொக்டர் நுஸ்ரத்துக்குப் போன் எடுத்தேன்.
இது நோய், பெயர் இருக்கிறது, அருமையாகத்தான் வரும் என்றார்.
அடியில் கிடப்பது பெரிய மனச்சோர்வு.
நாளைக் காலை அம்புலன்ஸ்; தேவையென்றால் கரண்ட் வைத்தியம்.
"திரும்பி வருவாங்க" என்றார்.
எங்கிருந்து என்று கேட்கவில்லை.

ஐயாவிடம் வேறொன்று கேட்டேன்,
போகிறபோக்கில்: "சாகாமத்தில இப்ப எத்தனை அடி நிக்கும்?"
"பார்க்காமச் சொல்ல ஏலாது."
கூரைத் தகரத்தை வெகுநேரம் பார்த்துக் கிடந்தார்.
"புதுசா வந்த பொடியன் அங்குலத்த விட்டுட்டு
அடிய மட்டும் எழுதுறானாம்."
பிறகு,
"நாளைக்கு அந்த வண்டிய சாகாமத்தால விடச் சொல்லு.
சுத்துத்தான். எண்டாலும்."

நாலேகாலுக்குப் பிரதேச செயலகத்திலிருந்து அழைப்பு.
ஒரு படிவம் பிந்தும் என்றேன்.
"ஆள் இருக்கிறாரா, இல்லையா?"

கால்விரலை அவிழ்த்துக்கொண்டிருக்கிறார், என்றேன்.