தலையில்லாத அம்பு

புதன்கிழமை, ஆறு ஐம்பது, நல்ல மழை.
எடைமேடை அறையின் கண்ணாடிக்குப் பின்னால்
நான் மட்டும்.
இதுவரைக்கும் எழுதுவதில் சிக்கல் இல்லை.

கோப்ரல் ஸம்ரி தந்த தாளில்
வாக்குமூலத்துக்குக் கீழே ஒரு வெற்றுக் கட்டம்.
சாலையை வரை, என்றார்.
வரைந்தேன்.
ஒரு முனையில் செம்பனை ஆலை,
மறு முனையில் சுங்கை லிந்தா டவுன்,
நடுவில் மதகு. லாரிக்கு ஒரு செவ்வகம்.
மோட்டார் சைக்கிளுக்கு ஒரு கோடு.
அம்புக்குறி போடு, என்றார்,
எந்தப் பக்கம் போய்க்கொண்டிருந்தான்?

ஆலைப் பக்கம் என்றால்
பரஞ்சோதி வேலைக்கு வந்தவன்.
தவமலருக்கு மாதாமாதம் சொக்சோ பணம்,
மூன்று பிள்ளைகளுக்கும் பள்ளிக்கூட பஸ் நிற்காது.
ஆனால் அப்போது,
குலை ஏற்றி அதே ஆலைக்கு வந்த லாரி
பின்னாலிருந்து அவனை இடித்ததாகிவிடும்.
ஓட்டியவன் ரஃபீக்குல்.
பெர்மிட் முடிந்து நாலு மாதம்.
அவனுக்குத் தெரிந்த தமிழ் 'எடை எவ்வளவு?'
கைப்பேசியில் மகளின் படத்தைக் காட்டிய அன்றும்
அதையே சொல்லிச் சிரித்தான்.

டவுன் பக்கம் என்றால்
ரஃபீக்குல் மேல் தப்பில்லை.
மதகில் சறுக்கி எதிரே வந்து விழுந்தவன் பரஞ்சோதி,
ஆலை வாசல் வரை வந்தும்
பஞ்ச் கார்டு குத்தாமல்
நாலு நம்பர் கடை மூடுமுன் ஓடியவன்.
சொக்சோ ஒரு காசு தராது.

நான் கதை எழுதுகிறவன்.
ஞாயிறு பதிப்பில் பதினொன்று வந்திருக்கிறது.
இந்த மாதிரி இடம் வந்தால் என் கதைகளில்
யாராவது ஒரு முதலாளி திருந்துவார்,
கடைசிப் பத்தியில் மழை விடும்.
எதையும் நான் போலீஸ்காரர் முன்னால்
உட்கார்ந்து எழுதியதில்லை.

மழை, இருட்டிக்கொண்டு வந்தது,
சரியாகத் தெரியவில்லை, என்றேன்.
கோட்டுக்குத் தலை போடாமல்
கையெழுத்துப் போட்டேன்.

தெரிந்தது.
விழுந்த பிறகும் அணையாத முன்விளக்கு
டவுன் பக்கத்து வாழைகளை
நனைய நனையக் காட்டிக்கொண்டிருந்தது.
ஒரு தாருக்கு யாரோ நீலப் பை கட்டியிருந்தார்கள்.
அந்த முடிச்சுகூடத் தெரிந்தது.

தாளில் கேட்காதது ஒன்று.
ஆறரைக்கு அவன் கண்ணாடியைத் தட்டினான்.
'கிராணி, அம்பது வெள்ளி. வெள்ளிக்கிழமை தந்துடறேன்.'
கொடுத்தேன்.
'கடைசி லாரி எடை என்ன, நாலு நம்பர் சொல்லுங்க.'
அதையும் சொன்னேன்.
ராத்திரி முடிவு பார்த்தேன். வரவில்லை.

பன்னிரண்டாவது கதையை ஆரம்பித்தேன்.
பரஞ்சோதிக்கு வேறு பெயர் வைத்து
ஆலைப் பக்கம் திருப்பிவிட்டேன்.
லாரியை ஓட்டுபவன் குடிகாரன்,
அவனுக்கு ஊரும் இல்லை, மகளும் இல்லை.
எல்லாம் கச்சிதமாக வந்தது.
வாழைகளை மட்டும் எங்கே வைப்பதென்று தெரியாமல்
நாலாம் பக்கத்தில் நிற்கிறது.

நான் போடாத தலைக்கு
யாரும் நன்றி சொல்லவில்லை.
சொக்சோ கடிதம் எட்டு மாதமாக
விசாரணையில் இருப்பதாகச் சொல்கிறது.
ரஃபீக்குல் ஒரு ராத்திரியில் இல்லாமல் போனான்,
பஹாங் பக்கம் என்கிறார்கள்,
பிடித்துவிட்டார்கள் என்றும் சொல்கிறார்கள்.
அவன் லாரியை இப்போது வேறொருவன் ஓட்டுகிறான்,
எடை எவ்வளவு என்று கேட்பதில்லை,
சீட்டை வாங்கிக்கொண்டு போகிறான்.

தவமலர் ஆலை வாசலில்
நாசி லெமாக் விற்கிறாள்.
எல்லாருக்கும் பாதி முட்டை.
என் பொட்டலத்தில் முழுசு.
அவளுக்கு எது தெரியும்,
எது தெரியாமல் அதை வைக்கிறாள் என்று
நான் கேட்டதில்லை.

காசைக் கொடுத்துவிட்டு
எடைமேடைக்குப் போய்
வாழையிலையைப் பிரிக்கிறேன்.
முட்டையைக் கடைசியாகச் சாப்பிடுகிறேன்.